சிவப்புக் கோட்டு மெத்தை

"இதுல யாரும்மா படுக்கிறது?" என்று மெத்தைக்காரி கேட்டாள்.

வீட்டுக்குப் பின்னால் இருந்த சிமெண்டுத் தரையில் தார்ப்பாய் விரித்து, அதன்மேல் இரண்டு ஒற்றை மெத்தைகளையும் அருகருகே போட்டிருந்தார்கள். ஒன்றில் பச்சைக் கோடு, இன்னொன்றில் சிவப்புக் கோடு. ஒரே கடையில் ஒரே நாளில் வாங்கியவைதான். எது யாருடையது என்று அடிபிடி வரக்கூடாது என்பதற்காகக் கோட்டை மட்டும் மாற்றி வாங்கியது. மெத்தைக்காரி பச்சைக் கோட்டின் மேல் உள்ளங்கையை வைத்து அழுத்திக்கொண்டிருந்தாள். இடுப்பு படுகிற இடத்தில் ஒரு பள்ளம் விழுந்திருந்தது.

"பெரிய பொண்ணு. இப்ப இல்லக்கா. செத்துப்போயிட்டா" என்றாள் பெற்றவள்.

மெத்தைக்காரி கையை எடுத்துவிட்டாள். அம்பது வயசிருக்கும், காதில் பென்சில் செருகிய கறாரான பொம்பளை. பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு வேலைப் பேச்சுக்கு வந்தாள். "ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சு ஒரே உறை போட்டும் தச்சுக் குடுக்கலாம். ஆனா நாலே மாசத்துல நடுவுல விலகிப் பள்ளம் விழும். குழந்த நடுவுல படுத்தா அதுக்குள்ளதான் உருண்டு போவா. இல்லேன்னா ரெண்டையும் பிரிச்சு, பஞ்சை ஒண்ணாக் கலந்து அடிச்சு, புதுசா ரொப்பணும். அதுதான் நிக்கும். என்ன பண்ணட்டும்?"

பெற்றவள் பச்சைக் கோட்டுப் பள்ளத்தைப் பார்த்தாள். ஏழு மாசமாக அந்தப் பள்ளத்தில் யாரையும் உட்காரக்கூட விட்டதில்லை. யாரும் இல்லாத நேரத்தில் அவளே போய் அதன் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, பள்ளத்தின் ஓரத்தில் தலையைச் சாய்த்துக்கொள்வாள். ஆனால் இருக்கிற பிள்ளை தூங்கியாக வேண்டும். சின்னவள் ஏழு மாசமாகப் படுக்கையில் படுக்கவில்லை. வெறும் தரையில், அலமாரிக்கும் சுவருக்கும் நடுவே இருக்கிற இண்டில் போய்ச் சுருண்டுகொள்கிறாள். தூக்கிக் கட்டிலில் போட்டால் தேள் கொட்டின மாதிரி அலறிக்கொண்டு எழுந்துவிடுகிறாள். அக்காவின் மெத்தை பக்கத்திலேயே கிடக்கிறதே, அதைப் பார்த்துத்தான் பயப்படுகிறாள் என்று எல்லோரும் நினைத்தார்கள். கொஞ்ச நாள் அம்மா அப்பா நடுவில் படுக்க வையுங்கள் என்று பள்ளிக்கூடத்து டீச்சர் சொல்லி அனுப்பினாள். அதற்குத்தான் லீவு போட்டுவிட்டு, கட்டில்களைக் கழற்றி ஓரம் கட்டி, இந்த ஏற்பாடு.

"கலந்துடுங்கக்கா" என்றாள்.

சட்டைத் தொழிற்சாலை ஒன்றில் அவளுக்குச் செக்கிங் வேலை. தைத்து முடித்த சட்டை எதுவானாலும் அவள் கையைத் தாண்டித்தான் பெட்டிக்குள் போகும். விட்டுப்போன தையல், தளர்ந்த பட்டன், கோணல் காலர் என்று பதினாறு வருஷத்தில் எதுவும் அவள் கண்ணுக்குத் தப்பியதில்லை. வீட்டிலும் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டுதான் இருப்பாள். புருஷன் லிஃப்ட் மெக்கானிக். நல்ல மனநிலையில் இருந்தால் அவளைச் 'செக்கிங் மேடம்' என்றுதான் கூப்பிடுவான். "செக்கிங் மேடம், பல்லு விளக்கிட்டேன், பாத்துப் பாஸ் பண்ணுங்க" என்று காலையில் அவள் முன்னால் வந்து வாயைப் பிளந்துகொண்டு நிற்பான். பிள்ளைகள் இரண்டும் விழுந்து விழுந்து சிரிக்கும். அதெல்லாம் ஏழு மாசத்துக்கு முந்தைய கதை.

பெரியவளுக்குப் பதினோரு வயசில் வலிப்பு வந்தது. தினமும் ராத்திரி ஒரு மாத்திரை, ஒரு நாளும் தப்பக்கூடாது என்றார் டாக்டர். அந்தப் பொறுப்பை அவள் வேறு யாரிடமும் விடவில்லை. ஒன்பது அடித்தால் மாத்திரையோடு வந்து நிற்பாள். சின்னவள் தம்ளரில் தண்ணீர் கொண்டுவருவாள். பெரியவள் விழுங்கியதும், "வாயத் திற" என்பாள். பெரியவள் ஆவென்று காட்டுவாள். அதோடு பாஸ். மூன்று வருஷம் ஒரு ராத்திரி விடாமல் இது நடந்தது. மாத்திரை சாப்பிட்டால் மறுநாள் மதியம்வரை தூக்கம் சொக்குகிறது, உடம்பு ஊதிக்கொண்டே போகிறது, வகுப்பில் தன்னை 'மூட்டை' என்று கூப்பிடுகிறார்கள் என்று பெரியவள் அழுதபோதுகூட அவள் அசைந்து கொடுக்கவில்லை. "உசுரு முக்கியமா, ஒடம்பு முக்கியமா?" என்று கேட்டு வாயை அடைத்துவிட்டாள்.

ஏழு மாசத்துக்கு முன்னால் ஒரு விடியற்காலையில் தூக்கத்திலேயே வலிப்பு வந்து, குப்புறப் படுத்தபடியே பெரியவள் போய்விட்டாள். பக்கத்துக் கட்டிலில் இருந்த சின்னவள்தான் முதலில் பார்த்தது. ஆஸ்பத்திரியில் டாக்டர், "மாத்திரையெல்லாம் ஒழுங்காச் சாப்பிட்டாளா?" என்று கேட்டார். "ஒரு நாள் தப்பல டாக்டர். என் கையால குடுத்தேன். வாயத் தொறந்து பாத்தேன்" என்று நெஞ்சில் அடித்துக்கொண்டு சொன்னாள். அவளுடைய துணியைப் பிடித்தபடி சின்னவள் பின்னால் நின்றிருந்தாள். "அப்படின்னா இவ்வளவு தூரம் வந்திருக்கக் கூடாதே" என்று டாக்டர் தனக்குத்தானே முணுமுணுத்தது அவள் காதில் விழுந்தது.

விழுந்தது முள்ளாகத் தங்கிவிட்டது. நான் கொடுத்தது நிஜம். மாத்திரை சரியாக இருந்தால் வலிப்பு வந்திருக்காது. வந்துவிட்டது. ஆக மாத்திரைதான் சரியில்லை. இந்தக் கணக்கில் எங்கே ஓட்டை இருக்கிறது? மாத்திரை வாங்கி வருகிறவன் புருஷன். ஆஸ்பத்திரிக் கடையில் வரிசை நீளமாக இருக்கிறதென்று கடைசி மூன்று மாசமாக பஸ் நிற்கிற இடத்துக் கடையில் வாங்கினான். அட்டையின் நிறம்கூட வேறு. பெரியவளை எடுத்துக்கொண்டு போன அன்றைக்கு, வந்திருந்த சனமெல்லாம் கேட்கும்படி, "நீங்க வாங்கிட்டு வந்த டூப்ளிகேட் மாத்திரைதான் என் புள்ளையக் கொன்னுடுச்சு" என்று கத்தினாள். அன்றைக்கு மட்டுமா, அதற்குப் பிறகும் எத்தனையோ தடவை சொல்லிக்காட்டியிருக்கிறாள். ஒரு தடவைகூட அவன் மறுத்துப் பேசியதில்லை. தலையணையை எடுத்துக்கொண்டு கூடத்துக்குப் போனவன் அங்கேயே பாயில் படுத்துக்கொள்கிறான். பெரிய மெத்தை என்றதும் சின்னவள் கேட்ட முதல் கேள்வி, "அப்பாவும் வருவாரா?" என்பதுதான். "வரட்டும்" என்று சொல்ல அவளுக்கு முழுசாக இரண்டு நாள் பிடித்தது.

மெத்தைக்காரி பச்சைக் கோட்டின் தையலை வெட்டிப் பஞ்சை உருவினாள். வண்டியில் கொண்டுவந்திருந்த பஞ்சடிக்கிற மெஷினுக்குள் போட்டதும் அது காதைக் கிழிக்கிற சத்தத்தோடு விழுங்கி மறுபக்கம் மேகமேகமாகத் துப்பியது. பள்ளம் இருந்த இடத்துப் பஞ்சு கெட்டிப்பட்டு மஞ்சளாக இருந்தது. அது மெஷினுக்குள் போகும்போது அவள் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. பார்த்துக்கொண்டே நின்றாள். அரை மணி நேரத்தில் எது பள்ளத்துப் பஞ்சு, எது ஓரத்துப் பஞ்சு என்று பெற்றவளாலேயே அடையாளம் சொல்ல முடியவில்லை.

அடுத்தது சின்னவளின் சிவப்புக் கோடு. "இங்க யாரோ ஊக்கு குத்தி வச்சிருக்காங்க பாரு" என்று மெத்தைக்காரி ஒரு சின்ன ஊக்கைக் கழற்றி நீட்டினாள். சுவர்ப் பக்கத்து ஓரத்தில், தலைமாட்டில், விரல் நீளத்துக்குத் தையல் பிரிந்திருந்தது. அந்த ஊக்கை அவளும் முன்பு பார்த்திருக்கிறாள். கிழிசலைத் தானே சரிபண்ணிக்கொண்டிருக்கிறாளே, நம்ம பிள்ளைக்கும் செக்கிங் கண் வந்துவிட்டது என்று மனசுக்குள் மெச்சிக்கொண்டுகூட இருக்கிறாள்.

மெத்தைக்காரி பஞ்சை உடனே மெஷினில் போடவில்லை. கல்லோ கட்டியோ இருந்தால் மெஷின் பல் உடைந்துவிடும் என்று ஒவ்வொரு பிடியாகக் கசக்கிப் பார்த்துத்தான் போடுவாள். தலைமாட்டுப் பக்கம் கையை விட்டவள், "என்னமோ நெருடுதே" என்றாள். கையை வெளியே எடுத்து விரித்தாள். உள்ளங்கையில் வெள்ளை வெள்ளையாக மாத்திரைகள். மறுபடியும் கையை விட்டாள். மறுபடியும் மாத்திரைகள்.

பெற்றவள் எண்ண ஆரம்பித்து முப்பதுக்கு மேல் நிறுத்திவிட்டாள். சில முழுசாக இருந்தன. பாதிக்கு மேல் ஓரம் கரைந்து, வாய்க்குள் கொஞ்ச நேரம் ஊறிவிட்டு வந்தவையாக இருந்தன. ஈரத்தோடு உள்ளே போனதால் ஒவ்வொன்றிலும் பஞ்சு ஒட்டிக் காய்ந்து மயிர் முளைத்த மாதிரி இருந்தது. நடுவில் கோடு போட்ட ஆஸ்பத்திரிக் கடை மாத்திரைகளும் இருந்தன, கோடில்லாத புதுக் கடை மாத்திரைகளும் இருந்தன.

"ஏக்கா, இது பச்சைக் கோட்டுலேர்ந்து வந்த பஞ்சா?"

"அதுதான் முழுசா அடிச்சு முடிச்சாச்சே. இது சிவப்பு."

பெற்றவள் தரையில் உட்கார்ந்து கையிலிருந்த ஊக்கைப் பார்த்தாள். பெரியவளுக்கு வலிப்பு வந்தால் படுக்கை நனைந்துபோகும். அதனால் பச்சைக் கோட்டின் மேல் ரெக்சின் போட்டு, வாரம் இரண்டு தடவை தூக்கி, உதறி, வெயிலில் காயப்போட்டு எடுப்பாள். அதில் ஒரு குண்டூசியை ஒளிக்க முடியாது. சின்னவளின் மெத்தையைத் தூக்கிப் பார்க்க வேண்டிய தேவை எந்த நாளும் வந்ததில்லை. அம்மா விளக்கை அணைத்துவிட்டுப் போனதும் கன்னத்து ஓரத்திலிருந்து மாத்திரையை எடுத்துப் பெரியவள் நீட்டுவாள். சின்னவள் ஊக்கைக் கழற்றுவாள். மறுபடியும் மாட்டுவாள். இதை நினைத்துப் பார்க்க அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை, நேரில் பார்த்த மாதிரி தெரிந்தது. பிள்ளை ஏழு மாசமாகப் பயந்தது அக்காவின் மெத்தையைப் பார்த்து இல்லை.

முதலில் வந்தது ஆத்திரம்தான். அதை மறைத்துச் சொல்வதில் அர்த்தமில்லை. ஒன்பது வயசுக் கழுதைக்கு இதுகூடவா தெரியாது? ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை காதில் போட்டிருந்தால் இன்றைக்குப் பெரியவள் எட்டாவதிலிருந்து ஒன்பதாவதுக்குப் போயிருப்பாளே. வரட்டும் இன்றைக்கு, தோலை உரித்துவிடுகிறேன் என்று பல்லைக் கடித்தாள். அதற்கடுத்தாற்போல், வாயத் திற என்று சொல்லி ஆவென்று காட்டியதும் பாஸ் போட்டது யார் என்ற நினைப்பு வந்தது. நாக்கைத் தூக்கு, கன்னத்தை இழு என்று ஒரு நாளும் அவள் சொன்னதில்லை. அதற்கும் அடுத்தாற்போல்தான் புருஷன் நினைவுக்கு வந்தான். ஏழு மாசம்! கொலைகாரன் என்று சொல்லாத குறையாக ஒரு மனுஷனைக் கூடத்தில் தள்ளி வைத்திருக்கிறாள். அவனிடம் உண்மையைச் சொல்லியாக வேண்டும். சொன்னால் சின்னவளை அவன் முன்னால் நிறுத்த வேண்டும். அக்கா செத்ததில் உனக்குப் பங்கு இருக்கிறது என்று வீடே ஒத்துக்கொண்ட பிறகு, அந்தப் பிள்ளை எந்த இண்டில் போய்ப் படுக்கும்?

"அக்கா, இத யார்கிட்டயும் சொல்லாதீங்க."

"நான் எதுக்கும்மா சொல்றேன்? பஞ்சுக்குள்ள என்னென்னமோ பாத்திருக்கேன். லெட்டரு, மோதிரம், ஒரு வீட்ல பல்செட்டு. வண்டி தெருமுனை திரும்புறதுக்குள்ள மறந்துடுவேன்." மெத்தைக்காரி குரலைத் தாழ்த்தினாள். "நீ மொதல்ல தண்ணி குடி."

மாத்திரைகளை அள்ளி நைட்டிப் பையில் போட்டுக்கொண்டாள். எழுந்து நடந்தபோது அவை ஒன்றோடொன்று உரசிச் சத்தம் போட்டன. சாயங்காலம் நாலு மணிக்குள் புது உறைக்குள் பஞ்சை நிரப்பி, பெரிய ஊசியால் அங்கங்கே குத்தி இழுத்து முடிச்சுப் போட்டு, இரண்டு பேருமாக மெத்தையை உள்ளே இழுத்துக்கொண்டு வந்து போட்டார்கள். அறையின் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவர்வரைக்கும் இருந்தது. ஒரு மேடு பள்ளம் இல்லை.

சின்னவள் பள்ளிக்கூடத்திலிருந்து வந்து, பையைக்கூட இறக்காமல் அறை வாசலில் நின்றாள். முகம் வெளுத்துவிட்டது.

"ரெண்டையும் பிரிச்சீங்களா?"

"ஆமா. பிரிச்சுக் கலந்தாச்சு."

"உள்ள..." பிள்ளை பைப்பட்டையை இறுக்கிப் பிடித்தாள். "உள்ள பஞ்சு மட்டுந்தான் இருந்துச்சா?"

மதியத்திலிருந்து தயாராக வைத்திருந்த வசவு அத்தனையும் தொண்டைவரைக்கும் வந்தது. பைப்பட்டையைப் பிடித்திருந்த அந்த விரல்களைப் பார்த்தாள். நகத்தைச் சுற்றிலும் கடித்துக் கடித்துப் புண்ணாக்கி வைத்திருந்தாள். எத்தனை மாசமாக இப்படி இருக்கிறது? இதுவும் தன் கண்ணுக்குத் தப்பித்தானே போயிருக்கிறது.

"பஞ்சு மட்டுந்தான். வேற என்ன இருக்கும்? போ, கை கால் கழுவிட்டு வா."

சின்னவள் போகவில்லை. அம்மாவின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். அம்மாதான் திரும்பி அடுப்படிக்குப் போனாள். நைட்டிப் பை சத்தம் போடாமலிருக்க மேலே கையை வைத்துப் பிடித்துக்கொண்டுதான் போனாள்.

புருஷன் ஏழு மணிக்கு வந்தான். கை மசியை மண்ணெண்ணெயில் துடைத்து, சோப்புப் போட்டுக் கழுவி, சாப்பிட்டு முடித்த பிறகும் கூடத்திலேயே நின்றான். தலையணையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, முதல் நாள் வேலைக்கு வந்த ஆள் மாதிரி, எங்கே நிற்பதென்று தெரியாமல் நின்றான். சின்னவள் சுவரோரமாகப் போய் உட்கார்ந்திருந்தாள்.

"வாங்க" என்றாள் அவள்.

அவன் மெத்தையின் ஓரத்தில் உட்கார்ந்து கையால் தடவிப் பார்த்தான். "நல்லா வந்திருக்கு" என்றான். ஏழு மாசத்தில் அவன் தானாக ஆரம்பித்த முதல் பேச்சு அது. அதற்கு மேல் அவளால் தள்ளிப்போட முடியவில்லை.

"மாத்திரை மேல தப்பு இல்லங்க. உங்க மேலயும் இல்ல."

அவன் நிமிர்ந்து பார்த்தான்.

"நான்தான். ஓவர்டைம் பாத்துட்டு வந்து... அசதியில பல நாள் குடுக்காம விட்டுட்டேன். டாக்டர்கிட்ட சொல்லப் பயமா இருந்துச்சு. பழிய உங்க மேல போட்டுட்டேன்."

சொல்லிவிட்டு அவன் முகத்தைப் பார்த்தாள். 'நீயா? நீயாவது மறக்கிறதாவது! பொய் சொல்லாதடி செக்கிங் மேடம்' என்று அவன் சொல்வான் என்று அவள் நம்பியிருந்தாள். ஆத்திரப்பட்டுக் கன்னத்தில் ஒன்று வைத்தாலும் சரி, நம்பமாட்டான் என்பதில் மட்டும் அவளுக்குச் சந்தேகமே இருக்கவில்லை. மூன்று வருஷம், ஒன்பது மணி, தம்ளர், வாயத் திற. எல்லாவற்றையும் பக்கத்தில் இருந்து பார்த்தவனாயிற்றே.

அவன் ரொம்ப நேரம் மெத்தையின் முடிச்சு ஒன்றைத் திருகிக்கொண்டிருந்தான்.

"தெரியும்" என்றான்.

"என்ன தெரியும்?"

"மிச்ச மாத்திரைய நான் எடுத்துட்டுப் போய் பெரிய ஆஸ்பத்திரியில காட்டினேன். அஞ்சு மாசம் ஆச்சு. நல்ல மாத்திரைதான்னு சொல்லிட்டாங்க. அப்படின்னா நீதான் எங்கயோ விட்டிருக்கணும்னு அப்பவே புரிஞ்சுபோச்சு. வேற யாரு குடுக்கப்போறா?" அவன் குரலில் கோபம் இல்லை. களைப்புத்தான் இருந்தது. "சொன்னா நீ தாங்கமாட்டே. என் மேல கத்துறதுலயாவது உனக்கு ஒரு ஆறுதல் இருக்கட்டும்னு விட்டுட்டேன். என்னைக்காவது உன் வாயால வரும்னு பாத்துட்டுத்தான் இருந்தேன்."

அவளுக்கு இல்லவே இல்லை என்று கத்த வேண்டும் போலிருந்தது. பைக்குள் கையை விட்டு மாத்திரைகளை அவன் முகத்தில் விசிறினால் ஒரு நொடியில் எல்லாம் சரியாகிவிடும். சுவரோரத்தில் சின்னவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"விடு" என்றான் அவன். கையை நீட்டி அவள் தோளைத் தொட்டான். "மனுஷங்கதான. மறதி வரும். நான் மனசுல வச்சுக்கல."

மன்னித்துவிட்டான். மன்னித்த கையோடு படுத்துக்கொண்டான். அவர்களுக்கு முதுகைக் காட்டாமல், நிமிர்ந்து, காலை நீட்டிப் படுத்தான். சுமையை இறக்கி வைத்தவனாக ஐந்து நிமிஷத்தில் குறட்டை விட்டான். கூடத்துப் பாயில் அவன் ராத்திரியெல்லாம் புரண்டதை ஏழு மாசம் கேட்டவள், இந்தக் குறட்டையையும் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். இனி இந்த வீட்டில் அவள்தான் மறந்தவள். அவன் சாகிறவரைக்கும் அதைச் சொல்லிக்காட்டமாட்டான் என்பதும் அவளுக்குத் தெரியும். வயிற்றெரிச்சலாக இருந்தது.

விளக்கை அணைத்துவிட்டு அவள் படுத்தாள். ஜன்னல் வழியாகத் தெரு வெளிச்சம் மெத்தையின் பாதிவரைக்கும் விழுந்தது. கொஞ்ச நேரம் கழித்துச் சின்னவள் தவழ்ந்து வந்து இரண்டு பேருக்கும் நடுவில் படுத்தாள். பிறகு கையை மட்டும் தலைக்குமேல் நீட்டினாள். அவளுடைய விரல்கள் மெத்தையின் தலைமாட்டு ஓரத்தைத் தொட்டு, தையல் தையலாக நகர்ந்து, எதையோ தேடின. நெருக்கமான புதுத் தையல். எங்கேயும் விரல் நுழையவில்லை. அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிவரை போன கை திரும்பி வந்தது.

"அம்மா" என்றாள் மெதுவாக. "நீ ஒரு நாளும் மறக்கலையே."

"படு."

சின்னவள் புரண்டு அம்மாவை ஒட்டிக்கொண்டாள். புரளும்போது நைட்டிப் பைக்குள் லேசாக ஒரு சத்தம் கேட்டது. பிள்ளையின் உடம்பு அப்படியே நின்றுபோனது. பிறகு அந்தச் சின்னக் கை இருட்டில் மெல்ல இறங்கி வந்து, பையின் மேல் விழுந்து, துணிக்கு அடியில் இருந்த ஒவ்வொரு உருண்டையாக நெருடிப் பார்த்தது. அந்தப் பக்கம் அப்பா குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். அம்மா அந்தக் கையைத் தட்டிவிடவில்லை. கையும் அங்கிருந்து போகவில்லை.